கன்று முளைக்காத காடு: ஃபோர்ட் வேலி நிகழ்வு ஆய்வு

1908 ஆகஸ்டில் அமெரிக்க வனத்துறை தன் முதல் வன ஆய்வு நிலையத்தைத் தொடங்கியது. இடம், அரிசோனா மாநிலத்தில் ஃபிளாக்ஸ்டாஃப் ஊருக்கு வடமேற்கே சுமார் 14 கிலோமீட்டரில் உள்ள ஃபோர்ட் வேலி. அப்போது அதற்குக் கோகோனினோ ஆய்வு நிலையம் என்று பெயர். பொறுப்பேற்க வந்த இளைஞர் கஸ்டாஃப் பியர்சனிடம் ஒரே ஒரு கேள்வியைக் கொடுத்தார்கள். பாண்டெரோசா பைனை வெட்டிய இடத்தில் ஏன் புதுக் கன்று வருவதில்லை?

1992-ல் அதே ஆய்வுக் காட்டுக்குள், பியர்சன் பெயரைத் தாங்கிய ஒதுக்குப் பகுதியில் மரங்களை எண்ணினார்கள். ஏக்கருக்கு 1,250-க்கு மேல் நின்றன. 1876-ல் அதே நிலத்தில் ஏக்கருக்குச் சுமார் 23 மரங்கள்தான் இருந்திருக்கும் என்று அடிக்கட்டைகளையும் ஆண்டு வளையங்களையும் வைத்துக் கணக்கிட்டார்கள். கன்று இல்லையே என்று தொடங்கிய நிலையம், வந்த கன்றுகளை எப்படி அகற்றுவது என்று யோசிக்கும் கட்டத்துக்கு வந்திருந்தது.

இந்த எண்பத்து நான்கு ஆண்டுகளில் அங்கே வேலை பார்த்தவர்கள் சோம்பேறிகளோ அரைகுறைகளோ அல்லர். பியர்சன் அளவுக்குப் பொறுமையாக ஒரே மர இனத்தைக் கவனித்தவர்கள் அமெரிக்க வன வரலாற்றில் குறைவு. அப்படியிருந்தும் காடு கைமீறிப் போனது. எங்கே பிசகியது என்பதைத்தான் இங்கே பார்க்கிறோம்.

காடும் மரமும்

அரிசோனாவின் நடுவே மொகயோன் விளிம்பு என்ற நீண்ட மலைச்சரிவு ஓடுகிறது. அதன் மேல்தட்டில் கிழக்கு மேற்காகப் பரந்து கிடப்பது பாண்டெரோசா பைன் காடு. ஃபோர்ட் வேலி சுமார் 2,200 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. ஏறக்குறைய ஊட்டியின் உயரம், ஆனால் மழை ஊட்டியின் பாதிகூட இல்லை. ஆண்டுக்கு 570 மில்லிமீட்டர் சொச்சம், அதிலும் கணிசமான பங்கு பனியாக விழுகிறது. பின்னணியில் 3,851 மீட்டர் உயர்ந்து நிற்பது சான் ஃபிரான்சிஸ்கோ சிகரங்கள். 1889-ல் சி. ஹார்ட் மெரியம் இந்த மலையில் ஏறி, பாலையிலிருந்து உச்சிவரை தாவரமும் விலங்கும் பட்டை பட்டையாக மாறுவதைப் பார்த்துத்தான் உயிர் மண்டலங்கள் பற்றிய தன் கருத்தை வகுத்தார். இயற்கை வரலாற்றுக்காரர்களுக்கு இது பழக்கமான மலை.

மழை வரும் விதம் இந்தக் கதைக்கு முக்கியம். குளிர்காலப் பனி ஏப்ரலுக்குள் உருகிவிடும். மே, ஜூன் இரண்டு மாதமும் வறண்ட காற்று. ஜூலை தொடங்கியதும் இடியும் மின்னலுமாகக் கோடை மழை. மழைக்குச் சற்று முன்னால், காய்ந்த புல்லின் மீது மழையில்லாத மின்னல் விழும் சில வாரங்கள் ஆண்டுதோறும் தவறாமல் வரும். நெருப்புக்கு அதைவிட வேறு அழைப்பு வேண்டியதில்லை.

மரமும் அதற்குத் தக்கபடிதான் வளர்ந்திருக்கிறது. இளமையில் பட்டை கறுத்திருக்கும். வெட்டுகிறவர்கள் அதை பிளாக்ஜாக் என்பார்கள். நூறு, நூற்றைம்பது வயது தாண்டினால் பட்டை தடித்து, தட்டுத் தட்டாகப் பிளந்து, ஆரஞ்சு மஞ்சளாகிவிடும். அப்போது பெயர் யெல்லோ பைன். வெயிலில் அந்தப் பட்டையருகே மூக்கை வைத்தால் வெனிலா மணம் வரும் என்பது அங்கு போய் வந்த எல்லோரும் சொல்வது. கீழ்க்கிளைகளை மரமே உதிர்த்துவிடுவதால் தரையில் எரியும் நெருப்பு மேலே ஏறப் பிடிமானம் கிடைக்காது. மூன்று மூன்றாகக் கொத்தாக வரும் நீண்ட ஊசியிலைகள் கீழே விழுந்து, காற்றோட்டமுள்ள, சட்டென்று பற்றிக்கொள்ளும் சருகாகக் கிடக்கும். தனக்குக் கேடில்லாத சிறு நெருப்பைத் தானே ஊட்டி வளர்க்கிற மரம் இது. முந்நூறு, நானூறு ஆண்டு வாழ்வது இதற்குச் சாதாரணம்.

1850-களின் இறுதியில் எட்வர்ட் பீல் இந்தப் பக்கமாக ஒரு வண்டிப்பாதை அமைத்துக்கொண்டு போனார். ஒட்டகங்களை வைத்துச் சரக்கு சுமந்து பார்த்த பயணம் அது. புதரே இல்லாத, உயர்ந்த பைன்கள் தள்ளித் தள்ளி நின்ற, கால் வைத்த இடமெல்லாம் புல்லாக இருந்த திறந்த காடு என்று அவர் எழுதி வைத்திருக்கிறார். வண்டிகள் தடையில்லாமல் மரங்களுக்கிடையே ஓடின. இன்றைக்கு அதே காட்டின் பல பகுதிகளில் மனிதர் நிமிர்ந்து நடப்பதே கடினம்.

பியர்சனின் வேலை

1882-ல் ரயில் வந்தது. கூடவே மர ஆலை வந்தது. ஏற்கெனவே மேய்ந்துகொண்டிருந்த ஆடும் மாடும் பெருந்திரளாகப் பெருகின. 1900 வாக்கில் ஃபிளாக்ஸ்டாஃபைச் சுற்றி வெட்டவெளி பெருகியிருந்தது. ஆலை நடத்திய ரியோர்டன் சகோதரர்களுக்கே கவலை வந்துவிட்டது. வெட்டிய இடத்தில் வெறும் புல்தான் நிற்கிறது, அடுத்த தலைமுறைக்கு மரம் எங்கே? வனத்துறையில் ஆராய்ச்சிப் பிரிவை உருவாக்கப் போராடிக்கொண்டிருந்த ரஃபேல் சோன் இந்தக் கவலையைப் பயன்படுத்திக்கொண்டார். அவரும் பியர்சனும் சேர்ந்து இடம் பார்த்ததில் அமைந்ததுதான் ஃபோர்ட் வேலி.

பியர்சன் விதையிலிருந்து தொடங்கினார். இலையுதிர்காலத்தில் விதை விழுகிறது. மண் ஒரே நேரத்தில் சூடாகவும் ஈரமாகவும் இருந்தால்தான் முளைக்கும். மேயிலும் ஜூனிலும் சூடு உண்டு, ஈரம் இல்லை. ஆகவே பெரும்பாலான விதை ஜூலை மழைக்குக் காத்திருக்கிறது. ஜூலைக் கடைசியில் முளைத்த கன்றுக்கு வேரூன்ற இரண்டு மாதம்கூடக் கிடைக்காது. அக்டோபரில் பகலில் உருகி இரவில் உறையும் மண், உப்பி உப்பி அந்தப் பிஞ்சு வேரை அப்படியே மேலே தூக்கிப் பிடுங்கிப் போட்டுவிடும். தப்பித்தவை அடுத்த ஆண்டு மே மாத வறட்சியில் காயும்.

போட்டிக்குப் புல் வேறு. அரிசோனா ஃபெஸ்க்யூ என்ற புல் வசந்தத்திலேயே வளரத் தொடங்கி, கன்றுக்கு மிகத் தேவையான நேரத்தில் மண்ணின் ஈரத்தை உறிஞ்சிவிடுகிறது. மவுன்டன் மியூலி என்ற மற்றொரு புல் மழைக்குப் பிறகுதான் வளரும். அதனால் கன்றுக்கு அவ்வளவு பகை இல்லை. 'புல்' என்று பொதுவாகச் சொல்லிவிட்டுப் போகாமல் எந்தப் புல் எந்த மாதத்தில் தண்ணீர் குடிக்கிறது என்று பார்த்தவர் பியர்சன். 1942-ல் இதை அவர் விரிவாக வெளியிட்டார். தரமான வேலை, இன்றும் பயன்படுகிறது.

பிறகு ஆடு, மாடு. செம்மறிகள் கன்றின் குருத்தைக் கடிக்கின்றன. வேலி போட்ட இடமும் போடாத இடமும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் வித்தியாசம் கண்ணில் படும். மேய்ச்சல்காரர்களோடு பியர்சனுக்குப் பல ஆண்டுகள் இழுபறி இருந்தது. கடைசியாக நெருப்பு. ஓரிரு வயதுக் கன்று சிறு தரைத்தீயிலேயே கருகிவிடும். ஆக, கன்று வேண்டுமென்றால் நெருப்பு கூடாது. அன்றைய வனத்துறையில் இதை மறுப்பார் இல்லை. 1910-ல் ஐடஹோவிலும் மொன்டானாவிலும் ஏறக்குறைய 30 லட்சம் ஏக்கர் எரிந்து, தீயணைக்கப் போனவர்கள் பலர் மாண்டபின், தீயோடு சமரசம் என்ற பேச்சே துறைக்குள் எழவில்லை. 1935-ல் வந்த விதிப்படி எந்தத் தீயானாலும் மறுநாள் காலை 10 மணிக்குள் அடக்கப்பட வேண்டும்.

1919

விடை வானத்திலிருந்து வந்தது. 1918-ல் பைன்கள் அபரிமிதமாக விதை போட்டன. 1919-ல் வழக்கத்துக்கு மாறாக முன்கூட்டியே மழை பெய்து, கோடை முழுக்க ஈரம் நின்றது. மேலே சொன்ன தடைகள் எல்லாம் ஒரே ஆண்டில் விலகின. வடக்கு அரிசோனா முழுக்கக் கன்றுகள் புல்போல் எழுந்தன. சில இடங்களில் ஏக்கருக்கு ஆயிரக்கணக்கில். பத்தாண்டுக்கு மேலாகக் கன்றைத் தேடிக்கொண்டிருந்த மனிதருக்கு அது எப்படி இருந்திருக்கும் என்று கற்பனை செய்யலாம்.

இப்படிப்பட்ட கன்று வெள்ளம் முன்பு ஒருபோதும் வந்ததில்லையா? விதையும் மழையும் ஒத்துவந்த ஆண்டுகள் பழைய நூற்றாண்டுகளிலும் இருந்திருக்கும். வேறுபாடு, முளைத்த பின்னால் வந்த ஆண்டுகளில். 1920-களில் அந்தக் கன்றுகளுக்கு நடுவே நெருப்பு ஓடவில்லை. ஓடியிருந்தால் ஆயிரத்தில் ஒன்றிரண்டு, புல் அடர்த்தியில்லாத ஓரங்களில் நின்றவை மட்டும் தப்பியிருக்கும். பழைய காட்டுக்கு அந்த ஒன்றிரண்டு போதும். நானூறு ஆண்டு வாழும் மரத்துக்குத் தலைமுறைக்கு ஒரு முறை சில வாரிசுகள் தங்கினால் குலம் தொடரும்.

இதை எண்ணால் காட்டியது ஆலன் வைட் என்பவரின் 1985 ஆய்வு. அதே பியர்சன் ஒதுக்குப் பகுதியில் மூத்த மரங்களின் வயதையும் இருப்பிடத்தையும் குறித்துப் பார்த்தார். அவை 3 முதல் 44 மரங்கள் வரை கொண்ட கூட்டங்களாக நின்றன. ஒரே கூட்டத்துக்குள் மரங்களின் வயது பல பத்தாண்டுகள், சிலவற்றில் நூற்றாண்டுகள்கூட வேறுபட்டது. புதிய மரம் ஒன்றுகூட நிலைபெறாமல் ஏறக்குறைய நாற்பது ஆண்டுகள் கழிந்த காலமும் உண்டு.

என் பார்வையில் இந்த நிகழ்வின் முடிச்சு இங்கேதான் இருக்கிறது. 1908-ல் ரியோர்டன்கள் கண்ட 'கன்று இல்லாத காடு' என்பது, காட்டின் அளவில் பார்த்தால் வழக்கமான நிலை. வெட்டிய இடங்களுக்கு அது பொருந்தாதுதான், அங்கே தாய்மரமும் போய்விட்டது. ஆனால் கேள்வியைக் கேட்டவர்கள் மர ஆலைக்காரர்கள். விளைச்சல் கணக்கில் பார்த்தால் கன்று வராத ஆண்டு நஷ்டமான ஆண்டு. நிலையம் அந்தக் கணக்கை அப்படியே எடுத்துக்கொண்டது. எவ்வளவு கன்று போதும் என்ற கேள்வி எழவே இல்லை.

அடிக்கட்டையில் இருந்த சாட்சி

இன்னொரு விஷயம் எனக்கு இன்றும் வியப்பு. ஃபிளாக்ஸ்டாஃபில் லோவெல் வானாய்வகத்தை அமைக்க வந்தவர் ஏ. ஈ. டக்ளஸ். சூரியப் புள்ளிகளின் சுழற்சி பூமியின் மழையைப் பாதிக்கிறதா என்று அறிய, மரத்தின் ஆண்டு வளையங்களைப் படிக்கலாம் என்று அவருக்குத் தோன்றியது. 1904-ல் அவர் முதன்முதலாக வளையம் எண்ணிய இடம் ரியோர்டன்களின் ஆலை முற்றம். அகலமான வளையம் மழை ஆண்டு, குறுகியது வறட்சி ஆண்டு, மரத்துக்கு மரம் அந்த வரிசை பொருந்துகிறது என்று கண்டார். அந்த முறைதான் 1929-ல் ஷோ லோ ஊரில் கிடைத்த ஒரு கரிந்த உத்தரத்தை வைத்துத் தென்மேற்கின் தொல்குடி வீடுகளுக்கு ஆண்டு குறிக்க உதவியது. 1937-ல் டூசானில் ஆண்டு வளைய ஆய்வகமும் பிறந்தது.

அதே அடிக்கட்டைகளில் வேறொரு பதிவும் இருந்தது. தரைத்தீ ஒரு மரத்தின் அடியில் பட்டையைச் சுட்டால், உயிருள்ள மரம் அந்தக் காயத்தை அடுத்த வளையத்தால் சுற்றி மூடப் பார்க்கும். முற்றும் மூடுவதற்குள் அடுத்த தீ வரும். இப்படி ஒரு காயத்தின் மேல் இன்னொன்றாகத் தழும்புகள் அடுக்கடுக்காக நிற்கும். வளையத்தை எண்ணினால் எந்த ஆண்டு தீ என்று சொல்லிவிடலாம். முறை 1904-லேயே கையில் இருந்தது, மரமும் இருந்தது. ஃபோர்ட் வேலியில் தீயின் வரலாற்றை அப்படி முழுமையாகப் படித்தது 1970-களில்தான். வனத்துறையின் ஜான் டீட்டரிச், ஆய்வுக் காட்டுக்குள் உள்ள சிம்னி ஸ்பிரிங் பகுதியில் தழும்புகளை அடுக்கிப் பார்த்தார். பல நூற்றாண்டுகளாக, சராசரியாக இரண்டு மூன்று ஆண்டுக்கு ஒருமுறை, அந்தச் சிறு பரப்பில் எங்கேனும் தீ ஓடியிருக்கிறது. கடைசித் தீ 1876.

அந்த ஆண்டைக் கவனியுங்கள். அமெரிக்க வனத்துறை பிறந்தது 1905-ல். அதற்கு 29 ஆண்டு முன்பே தீ நின்றுவிட்டது. அணைத்தவர் யார்? பெரும்பாலும் ஆடும் மாடும்தான். தரைத்தீ ஓடுவதற்குக் காய்ந்த புல் வேண்டும். புல்லை மேய்ந்து தீர்த்ததும் தீக்குப் பாதை அறுந்தது. தீ மூட்டியும் தீயோடு வாழ்ந்தும் பழகிய பூர்வகுடிகள் ஒதுக்கிடங்களுக்குள் அடைக்கப்பட்டதும் இதே காலத்தில்தான். அவர்கள் மூட்டிய தீயின் பங்கு எவ்வளவு என்பதில் ஆய்வாளர்களுக்குள் ஒருமித்த கருத்து இல்லை, ஏனெனில் மின்னலே அங்கு தாராளம். ஆக, பியர்சன் வந்து இறங்கியபோதே காட்டில் தீ இல்லாமல் ஒரு தலைமுறை கடந்திருந்தது. அவர் பார்த்தது தீ இல்லாத காடு. தீ என்றால் அவருக்கு வெளியிலிருந்து வரும் கேடு என்று தோன்றியதில் ஆச்சரியமில்லை. கன்றைத் தின்ற செம்மறியே கன்றுக்கு வந்த நெருப்பையும் தின்றுவிட்டது என்ற முரண் அவர் கண்ணில் படவில்லை.

வேறு சிலர் கண்ணில் பட்டது. அப்போது வனத்துறையில் இருந்த ஆல்டோ லியோபோல்ட் 1920-ல் இலேசான தீமூட்டலை எதிர்த்துக் கடுமையாக எழுதியவர். நான்கே ஆண்டில், தெற்கு அரிசோனாவின் ஜூனிபர் மரத் தழும்புகளைப் பார்த்துவிட்டு, மேய்ச்சலால் புல் போனது, புல் போனதால் தீ நின்றது, தீ நின்றதால் புதர் ஏறியது என்று சங்கிலியைச் சரியாகக் கோத்தார். 1943-ல் பூர்வகுடி ஒதுக்கிடங்களைக் கவனித்த அரசுத் துறையின் வனவியலாளர் ஹெரால்ட் வீவர், பாண்டெரோசா காட்டுக்குத் தீ இயல்பான உறுப்பு என்று எழுதினார். அது அவருடைய சொந்தக் கருத்து மட்டுமே, அவர் பணிபுரியும் துறையின் நிலைப்பாடு அல்ல என்ற அடிக்குறிப்போடுதான் அச்சானது. பின்னர் அவர் ஃபோர்ட் அப்பாச்சி ஒதுக்கிடத்தில் தீமூட்டிக் காட்டினார். பியர்சன் 1949-ல் காலமானார். அவர் வாழ்நாள் உழைப்பின் தொகுப்பு அடுத்த ஆண்டு வெளிவந்தபோது 1919-ன் கன்றுகளுக்கு வயது முப்பத்தொன்று. தடிமன் கையளவு. அவற்றின் அடர்த்தியை நாய் ரோமத்தோடு ஒப்பிட்டு வனப்பணியாளர்களே பெயர் வைத்துவிட்டிருந்தார்கள்.

தீயைத் திரும்பக் கொண்டுவருதல்

1976-ல், கடைசித் தீக்குச் சரியாக நூறு ஆண்டு கழித்து, டீட்டரிச் சிம்னி ஸ்பிரிங்கில் மறுபடி தீ வைத்தார். ஓராண்டு, ஈராண்டு, நான்கு, ஆறு, எட்டு, பத்து ஆண்டு இடைவெளிகளில் எரிக்கும் துண்டங்களாக நிலத்தைப் பிரித்துக்கொண்டார்கள். எது நல்ல இடைவெளி என்று பார்ப்பதுதான் நோக்கம்.

முதல் தீயே பாடம் புகட்டியது. நூறாண்டாக எரியாத சருகும் மக்கும் மூத்த மரங்களின் அடியில் தடித்த மெத்தையாகச் சேர்ந்திருந்தன. தீ அதன் மேல் ஓடிப் போகவில்லை. உள்ளே புகைந்தபடி மணிக்கணக்கில் கனன்று, வேரையும் அடிப்பட்டையின் உள்ளடுக்கையும் மெல்ல மெல்லச் சூடாக்கியது. கொழுந்து விட்ட தீ எதுவும் இல்லை, பார்ப்பதற்கு அடக்கமான எரிப்பு. ஆனால் அடுத்தடுத்த ஆண்டுகளில் பழைய யெல்லோ பைன்கள் ஒவ்வொன்றாகச் சாகத் தொடங்கின. எத்தனையோ தீக்களைக் கடந்து வந்த மரங்கள், காப்பாற்றுவதற்காக வைத்த தீயில் இறந்தன. ஸ்டீவ் சாக்கெட்டும் சாலி ஹாஸும் இந்த வெப்பத்தை மண்ணில் அளந்து பதிவு செய்தார்கள். கலையாத நெருக்கத்தில் எரிப்பு மட்டும் போதாது, முதலில் நெருக்கமான இளமரங்களை வெட்டிக் கழிக்க வேண்டும், மூத்த மரத்தின் காலடியைச் சுத்தம் செய்ய வேண்டும் என்பது அங்கேதான் தெளிவானது.

1990-களில் வடக்கு அரிசோனா பல்கலைக்கழகத்தின் வாலஸ் கவிங்டனும் மார்கரெட் மூரும் குழுவாகச் சேர்ந்து பியர்சன் ஒதுக்குப் பகுதியில் இதைச் செய்தார்கள். ஒரு பங்கை அப்படியே விட்டார்கள். ஒரு பங்கில் 1993-ல் இளமரங்களை வெட்டிக் கழித்தார்கள். மூன்றாவது பங்கில் கழித்ததோடு, சருகு மெத்தையை வாரி அகற்றி, பக்கத்துப் புல்வெளியிலிருந்து அறுத்த நாட்டுப்புல்லைப் பரப்பி, 1994-ல் எரித்தார்கள். 1876-க்கு முன் முளைத்த மரம் ஒன்றைக்கூடத் தொடவில்லை. அந்தக் காலத்து மரம் செத்துக் கிடந்த சுவடு தெரிந்த இடங்களில் ஈடாகச் சில இளமரங்களை விட்டார்கள்.

விளைவு சீக்கிரமே தெரிந்தது. கழித்த இடங்களில் மூத்த மரங்களுக்குக் கிடைத்த தண்ணீர் கூடியது. கழித்து எரித்த இடத்தில் பட்டையைத் துளைத்தால் வழியும் பிசின் அதிகரித்தது. பட்டைவண்டு உள்ளே துளைக்கும்போது பைன் அதை மூழ்கடிக்கப் பயன்படுத்துவது இந்தப் பிசினைத்தான். முந்நூறு வயது மரம் நெருக்கம் குறைந்தால் மறுபடி தழைக்குமா என்ற சந்தேகம் பலருக்கு இருந்தது. தழைத்தது. புல்லும் பூண்டும் தரையில் திரும்பின.

இந்த ஒப்பீடுகளில் சில இயன்றதற்கு 1909 முதல் 1913 வரை தியோடர் வுல்சி என்ற வனத்துறைக்காரர் போட்டு வைத்த நிரந்தர அளவைத் துண்டங்களும் ஒரு காரணம். நான்கு அங்குல விட்டத்துக்கு மேற்பட்ட மரங்களை ஒவ்வொன்றாக வரைபடத்தில் குறித்திருந்தார். நோக்கம் மரவிளைச்சல் கணக்குதான். தொண்ணூறு ஆண்டு கழித்து மூரின் குழு அவற்றைத் தேடிப் போய் மறுபடி அளந்தது. இந்த நிலையத்தின் தொடக்ககால ஆட்கள் செய்த மிகப் பெரிய உதவி, அவர்கள் சொன்ன முடிவுகளைவிட அவர்கள் விட்டுப்போன துண்டங்களே என்று நினைக்கிறேன்.

மறுப்புகள்

எல்லாரும் ஏற்றுக்கொண்டார்கள் என்று எழுதினால் பொய்யாகும். முதல் மறுப்பு, நம்பிக்கையின்மை சார்ந்தது. நூறாண்டு மரம் வெட்டிய துறை 'மீட்பு' என்ற பெயரில் மறுபடி வெட்ட வருகிறது என்று சூழல் அமைப்புகள் சந்தேகித்தன. குறிப்பிட்ட விட்டத்துக்கு மேற்பட்ட மரத்தைத் தொடக்கூடாது என்ற நிபந்தனை பல ஆண்டு சண்டைக்குக் காரணமானது. 1993-ல் மெக்சிகன் புள்ளி ஆந்தை அழியும் ஆபத்துள்ள இனமாகப் பட்டியலிடப்பட்டு, 1995-ல் நீதிமன்றத் தடையும் வந்தபின் தென்மேற்கில் மரவெட்டே ஏறக்குறைய நின்றுபோனது.

இரண்டாவது மறுப்பு விலங்குகள் பக்கமிருந்து வருகிறது, எனக்கு இது கூடுதல் கனமாகப் படுகிறது. காதில் குஞ்சம் வைத்த ஆபர்ட் அணில் பாண்டெரோசாவை நம்பியே வாழ்கிறது. குளிர்காலத்தில் சிறுகிளையைக் கடித்து உள்பட்டையைத் தின்னும். கோடையில் மண்ணுக்குள் விளையும் காளான் வகைகளைத் தோண்டித் தின்று, அவற்றின் வித்துகளை எச்சத்தோடு காடெங்கும் பரப்பும். அந்தப் பூஞ்சைகள் பைனின் வேரோடு ஒட்டி வாழ்ந்து அதற்கு நீரும் சத்தும் சேர்ப்பவை. ஆனால் இந்த அணிலுக்குக் கிளையோடு கிளை கோத்து நிற்கும் மரக்கூட்டம் வேண்டும். சமமாக இடைவெளி விட்டுப் பூங்காபோல் கழித்துவிட்டால் மரம் பிழைக்கும், அணில் போய்விடும். வைட் கண்ட கூட்டம் கூட்டமான அமைப்பு இதற்காகவும் முக்கியம். கழிப்பவர்கள் ஏக்கருக்கு எத்தனை என்று எண்ணுவதோடு நிற்காமல், எங்கே நெருக்கம், எங்கே வெளி என்றும் பார்க்கத் தொடங்கியது பிற்பாடுதான்.

மூன்றாவது, பழைய காடு உண்மையிலேயே அவ்வளவு திறந்ததா என்பது. 2012-ல் மார்க் வில்லியம்ஸும் வில்லியம் பேக்கரும் பத்தொன்பதாம் நூற்றாண்டு நில அளவைப் பதிவுகளை வைத்து, அடர்ந்த பகுதிகளும் கடுந்தீயும் அப்போதே அங்கு இருந்தன என்று வாதிட்டார்கள். பீட்டர் ஃபூலேயும் பலரும் 2014-ல் அந்த முறையையே கேள்விக்குள்ளாக்கிப் பதில் எழுதினார்கள். மேற்கு அமெரிக்கா முழுவதற்கும் ஒரே சித்திரம் பொருந்தாது என்பதில் பேக்கர் தரப்புக்கு நியாயம் உண்டு. ஃபோர்ட் வேலியைப் பொறுத்தவரை அடிக்கட்டையும் தழும்பும் கையில் இருக்கும்போது, அங்கு சந்தேகத்துக்கு இடம் குறைவு.

காத்திருக்காத தீ

ஆய்வாளர்கள் வாதிட்டுக்கொண்டிருக்கும்போதே காடு எரிந்தது. 1996-ல் ஃபிளாக்ஸ்டாஃபுக்கு அருகிலேயே இரண்டு பெருந்தீ. 2002 ஜூனில் ரோடியோ-செடிஸ்கி தீ சுமார் 4,68,000 ஏக்கரை விழுங்கியது. ஃபோர்ட் அப்பாச்சி ஒதுக்கிடத்தில் முன்பே கட்டுப்பாட்டோடு எரித்திருந்த பகுதிகளில் சேதம் குறைந்திருந்ததைப் பின்னர் செயற்கைக்கோள் படங்களை வைத்துக் காட்டினார்கள். வீவர் தொடங்கிய வேலையின் பலன் அது என்றும் சொல்லலாம். 2011-ல் வாலோ தீ 5,38,000 ஏக்கர். இவை பழைய தரைத்தீக்கள் அல்ல. சிறு மரத்திலிருந்து நடு மரம், அங்கிருந்து உச்சி என்று ஏணி வைத்து ஏறும் தீ.

அதன்பின் நிகழ்வது பியர்சனுக்கு நன்கு பழக்கமான பிரச்சினை. பாண்டெரோசாவின் விதை கனமானது, தாய்மரத்திலிருந்து வெகுதூரம் பறக்காது. தீயில் திறக்கும் கூம்பும் இதற்கு இல்லை. ஆயிரக்கணக்கான ஏக்கர் ஒரே வீச்சில் கரிந்தால் நடுவே விதைக்கு வழியில்லை. ஓக்கும் முள்வேலப் புதர்களும் அந்த இடத்தைப் பிடித்துக்கொள்கின்றன. உலர்ந்துகொண்டே போகும் வசந்தத்தில் 1919 போன்ற ஓர் ஆண்டு எத்தனை முறை வாய்க்கும் என்பது இப்போது மறுபடி அங்கே ஆய்வுத் தலைப்பு.

2010 ஜூனில் அணைக்காமல் விட்ட ஒரு முகாம் நெருப்பிலிருந்து ஷுல்ட்ஸ் தீ கிளம்பி, சான் ஃபிரான்சிஸ்கோ சிகரங்களின் கிழக்குச் சரிவில் 15,000 ஏக்கரைக் கரித்தது. ஜூலை 20-ல் பெய்த கோடை மழையைச் சுட்ட மண் உறிஞ்சவில்லை. வெள்ளத்தில் 12 வயதுச் சிறுமி ஒருத்தி உயிரிழந்தாள். இரண்டாண்டு கழித்து, 2012 நவம்பரில், ஃபிளாக்ஸ்டாஃப் வாக்காளர்கள் ஒரு கோடி டாலர் நகரக் கடன்பத்திரத்துக்குப் பெரும்பான்மையாக ஒப்புதல் அளித்தார்கள். பணம் ஊருக்குள் செலவழிக்க அல்ல, ஊருக்கு வெளியே மத்திய அரசுக்குச் சொந்தமான காட்டில் மரம் கழிக்க. ஒரு நகரம் இப்படித் தன் வரிப்பணத்தைக் கொடுப்பது அரிது.

பெரிய அளவிலான திட்டம்தான் இழுக்கிறது. கைபாப், கோகோனினோ, அப்பாச்சி-சிட்கிரீவ்ஸ், டோன்டோ ஆகிய நான்கு தேசியக் காடுகளில் 24 லட்சம் ஏக்கரைச் சீராக்க 2010-ல் நிதி கிடைத்தது. 2012-ல் 3 லட்சம் ஏக்கரைப் பத்தாண்டில் கழித்துத் தர ஒப்பந்தம் போடப்பட்டது. நடந்தது அதில் சிறு பங்குதான். 1919-ல் முளைத்தவை தடிமனில்லாத குச்சிகள், பலகைக்கு ஆகாது. அவற்றை வாங்கி அறுத்த ஆலைகள் பெரும்பாலும் 1990-களிலேயே மூடிவிட்டன. கிளையும் நுனியும் எரித்து மின்சாரமாக்கினால்கூட ஏற்றுகூலிக்குக் கட்டுவதில்லை. இரண்டாம் கட்டத்துக்கு அழைத்திருந்த ஒப்பந்தப் புள்ளிகளை 2021 செப்டம்பரில் வனத்துறை ரத்து செய்தது. கழிக்கும் வேலை இப்போது சிறு சிறு ஒப்பந்தங்களாக, ஊரையும் நீர்ப்பிடிப்பையும் ஒட்டிய பகுதிகளில் முதலில் என்ற வரிசையில் நடக்கிறது.